தொட்டிக்குப் பூட்டு வேண்டும், பரிசோதனை முடிவும் வேண்டும்

காவல்துறையிலும் பொதுச் சுகாதாரத் துறையிலும் பொறுப்பில் இருக்கும் அதிகாரிகளுக்கு வணக்கம்.

காரைக்குடி அருகே எங்கள் ஊர்ப் பள்ளியின் மேல்நிலைத் தொட்டி திறந்து கிடந்ததும், ஏணியடியில் சீட்டுக் கிழிக்கப்பட்ட கண்ணாடிக் குப்பிகள் கிடைத்ததும் உங்கள் கோப்பில் இருக்கின்றன. பிள்ளைகள் ஒரு வாய் குடிக்கும் முன்பே குழாயை அடைத்தவர் என் அப்பா. குற்றப்பிரிவில் துப்பறிந்து ஓய்வுபெற்றவர். நுரையீரல் புற்றுநோயின் கடைசிக் கட்டத்தில் இருப்பவர். குப்பிகளையும் தண்ணீரையும் பரிசோதனைக்கு எடுத்துச் சென்றீர்கள். முடிவைச் சொல்லவில்லை. நாங்களே போட்ட பூட்டையும், அரசுச் சொத்து என்று கழற்ற வைத்தீர்கள்.

அன்றிலிருந்து அப்பா தொட்டியடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார். வலிக்குக் கொடுத்த மார்ஃபின் மாத்திரை தூக்கத்தைக் கொண்டுவரும் என்பதால், பள்ளி விடும்வரை அதை விழுங்க மறுக்கிறார். மதியத்துக்கு மேல் வலி ஏறும்போது நாற்காலியைப் பற்றிய விரல்கள் வெளுத்துப்போகின்றன. பிள்ளைகள் அருகில் வந்தால் மட்டும் சிரிக்கிறார். "மாத்திரை மயக்கத்தில் உளறுகிறார்" என்றார் உங்கள் அலுவலர் ஒருவர். மாத்திரையே போடாமல் காவல் இருக்கும் மனிதரைப் பார்த்துச் சொன்ன சொல் அது. தயவுசெய்து தொட்டியைப் பூட்டுங்கள். முடிவைச் சொல்லுங்கள்.

1984-இல் அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்தில் ஒரு கூட்டம் உணவகங்களின் சாலட்டில் சால்மொனெல்லா கிருமியைக் கலந்தது. 751 பேர் நோயுற்றார்கள். உணவகத் தொழிலாளர்களிடம் சுத்தமில்லை என்றுதான் சுகாதார அதிகாரிகள் முதலில் முடிவுகட்டினார்கள். சதி அம்பலமாக ஓராண்டு ஆயிற்று. அவ்வளவு தூரம் போவானேன்? பக்கத்துப் புதுக்கோட்டை மாவட்டத்து வேங்கைவயலில் 2022 டிசம்பரில் குடிநீர்த் தொட்டியில் மலம் கலந்திருந்தது, பிள்ளைகள் நோயில் விழுந்த பிறகுதானே தெரிய வந்தது? எங்கள் ஊரிலும் யாராவது விழுந்தால்தான் விசாரணை நகருமா?

செட்டிநாட்டு வீடுகளைப் பார்க்கப் பெரிய மனிதர்கள் வந்தால் வீதிக்கு வீதி காவலர் நிற்கிறார்கள். அதே வீதிப் பிள்ளைகளின் குடிநீருக்குக் காவல் கேட்டால் ஆள் இல்லை என்கிறீர்கள். மாளிகைகளின் தேக்குத் தூண்களுக்கு உள்ள மதிப்பு இந்தப் பிள்ளைகளின் உயிருக்கு இல்லையா?

கடுமையாக எழுதியிருந்தால் பொறுத்தருளுங்கள். அப்பாவுக்குப் பாராட்டோ சலுகையோ கேட்கவில்லை. தொட்டிக்குப் பூட்டும், இரவுக் காவலும், பரிசோதனை முடிவும், அந்தக் குப்பிகளைக் கொண்டுவந்தவர் யார் என்ற விசாரணையும் வேண்டும். அப்பா கண் மூடும் முன் செய்து தாருங்கள் என்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். அவர் மாத்திரையை வேளைக்குப் போட்டுக்கொள்ள வேண்டும்.

இப்படிக்கு,
அவருடைய மகள்