அனுப்பாத ஆணைக்குக் கெடு மட்டும் ஓடுகிறது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பட்டா மாறுதலுக்கு மனு கொடுத்துவிட்டு மாதக்கணக்கில் காத்திருப்பவர் வட்டாட்சியர் அலுவலகம் போய்க் கேட்டால், "அது அப்பவே தள்ளுபடி ஆயிடுச்சே" என்கிறார்கள். ஆணை கோப்பில் தூங்குகிறது. மேல்முறையீட்டுக் கெடு ஓடிக்கொண்டிருக்கிறது.

கோப்பில் எழுதிய குறிப்பு, உரியவருக்குத் தெரிவிக்கப்படும்வரை ஆணையாகாது என்று பச்சித்தர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1962-லேயே சொல்லிவிட்டது. நம் சென்னை உயர் நீதிமன்றம் அதற்கும் முன்னால், 1883-இல், நில எல்லைத் தகராறு ஒன்றில், முடிவு தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்துதான் கெடுவைக் கணக்கிட வேண்டும் என்றது. தகவல் உரிமைச் சட்டம் 2005-இன் 4(1)(ஈ) பிரிவோ, பாதிக்கப்படுபவருக்கு முடிவின் காரணத்தை அலுவலகம் தானாகவே தர வேண்டும் என்கிறது.

தகவல் எங்கே தொலைகிறது என்பதும் தெரிந்ததுதான். பிரவுசிங் சென்டரில் விண்ணப்பிக்கும்போது பலருக்கு அங்குள்ளவரின் கைபேசி எண்ணே பதிவாகிறது. குறுஞ்செய்தி அவருக்குப் போகும். வாடகை வீடு மாறியவருக்கு ஆதாரில் உள்ள பழைய முகவரிக்குத் தபால் போகும். இணையதளத்தில் "நிராகரிக்கப்பட்டது" என்ற ஒற்றைச் சொல் இருக்கும். எந்த ஆவணம் குறைந்தது, யாரிடம் மேல்முறையீடு செய்வது என்ற விவரம் இருக்காது. குறையைச் சொல்லாமல் தள்ளிய மனு அதே குறையோடு திரும்ப வரும், அலுவலகத்துக்கும் அது இரட்டை வேலை.

பத்திரப் பதிவில் இன்னும் மோசம். "இதைப் பதிய முடியாது" என்று வாய்ப்பேச்சில் சொல்லிப் பத்திரத்தைத் திருப்பிக் கொடுத்தால் வாங்கிக்கொண்டு வராதீர்கள். பதிவுச் சட்டத்தின் 71-ஆம் பிரிவின்படி, மறுப்புக்கான காரணத்தைச் சார்பதிவாளர் 2-ஆம் எண் புத்தகத்தில் எழுத வேண்டும். எழுதிக்கொடுத்தவரோ பத்திரத்தால் உரிமை பெறுபவரோ கேட்டால் நகலைக் கட்டணமின்றித் தர வேண்டும். அந்த நகல் கையில் இருந்தால்தான் 30 நாளுக்குள் பதிவாளரிடம் முறையிட வழி தெளியும்.

பதிலே வராதவர்கள் 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டித் தகவல் உரிமை மனு போடலாம். ஆணையின் நகல், கோப்பின் குறிப்புப் பக்கங்கள், அந்த ஆணைக்கான அனுப்புகைப் பதிவேட்டுப் பக்கம் ஆகிய மூன்றையும் கேளுங்கள். நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய். மூன்றாவதுதான் முக்கியம்: அனுப்பியதற்குப் பதிவே இல்லையென்றால், கெடு தாண்டிவிட்டது என்று உங்கள் மேல்முறையீட்டைத் தள்ளுவது கடினம்.

அலுவலகங்களிடம் கேட்பது பெரிதல்ல. தகவல் உரிமை மனுவை மறுக்கும்போது காரணம், மேல்முறையீட்டுக் கெடு, மேல்முறையீட்டு அலுவலரின் விவரம் ஆகியவற்றை 7(8) பிரிவுப்படி அதே அலுவலகங்கள்தான் எழுதி அனுப்புகின்றன. அந்த மூன்று வரிகளைப் பட்டா மறுப்பு ஆணையின் அடியிலும் சேர்த்து, கையொப்பமிட்ட ஆணையை மனுதாரருக்குத் தபாலிலும் அனுப்ப வருவாய்த் துறை உத்தரவிட வேண்டும்.

இப்படிக்கு,
வாசகர்,
பெரம்பூர், சென்னை.