வளையல் செட்டியார் கதையின் மீதி

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதுவது. போன் செய்தால் “மீட்டிங்கில் இருக்கிறேன்” என்று வைத்துவிடுகிறாய். அதனால் கடிதம். அம்மாவுக்கு முட்டிவலி பரவாயில்லை. மாடி மறுபடி ஒழுகுகிறது, அது கிடக்கட்டும்.

வார்டுக்கு நீ நிற்கப்போவதாகக் கோடவுன் தெருவில் சொன்னார்கள். பனியன் கம்பெனியையும் பார்த்துக்கொண்டு ஊர் வேலையும் செய்கிறான் என்று பெருமையாகத்தான் இருந்தது. மூன்றாம் மனிதர் வாயால் கேட்க வேண்டியிருந்ததே, அதுதான். கணக்கு எழுதுகிறாயா? கட்சிக்காக எடுக்கும் ஒவ்வொரு ரூபாயையும் எழுது.

போன மாதம் வந்தபோது மருமகள் கையில் கண்ணாடி வளையல் மட்டும் இருந்தது. இந்தக் காலத்துப் பெண்கள் தங்கம் போடுவதில்லை என்றாள் அம்மா. சரி.

சின்ன வயதில் படுக்கும்போது கேட்பாயே, காஜுலு லட்சுமிநரசு செட்டி கதை. தெலுங்கில் காஜுலு என்றால் வளையல் என்றதும் ‘வளையல் செட்டியார்’ என்று பேர் வைத்தாய். 1806இல் சென்னையில் அவுரி, அதாவது நீலச்சாய, வியாபாரி வீட்டில் பிறந்து, துணியிலும் அவுரியிலும் நன்றாகச் சம்பாதித்தவர். 1844இல் கிரசெண்ட் பத்திரிகை தொடங்கினார். அதன் விளம்பரத்தை அரசாங்க கெஜட்டில் போட மறுத்தார்கள், மனுஷன் அசரவில்லை. 1852இல் சென்னைவாசிகள் சங்கம். வரி பாக்கி வைத்த குடியானவன் விரல்களைக் கிட்டி என்ற கட்டைகளுக்கு நடுவில் வைத்து நெரித்த காலம் அது. லண்டன் பார்லிமெண்டுக்கே மனு போனது. அங்கிருந்து டான்பி சீமூர் என்ற எம்.பி. வந்தபோது, ஊர் ஊராக அவரோடு போய் ஜனங்கள் படும் பாட்டைக் காட்டினார். அப்புறம்தான் விசாரணைக் கமிஷன். சித்திரவதை நடப்பது உண்மை என்று 1855இல் அதுவே எழுதிக் கொடுத்தது. 1863இல் கடைக்காரர் சட்டசபை உறுப்பினர் ஆனார்.

எப்போதும் அங்கேயே நிறுத்திவிடுவேன். “அப்புறம்?” என்பாய். தூங்குடா என்பேன்.

அப்புறம் 1868இல் செத்துப்போனார். கையில் காசில்லாமல். சம்பாதித்தது அத்தனையும் பொதுக்காரியத்தில் கரைந்துவிட்டது. அவராவது தன் பணத்தைக் கரைத்தார்.

1996 வார்டு தேர்தலில் நான் தோற்றது உனக்குத் தெரியும். போஸ்டருக்கும் ஆட்களின் பிரியாணிக்கும் பணம் எங்கிருந்து வந்தது என்று நீ கேட்டதில்லை. அம்மாவின் நெளி வளையல் நாலும் சவுகார்பேட்டையில் அடகுக்குப் போய் மூழ்கிவிட்டன. அம்மா பீரோவைத் தேடியபோது, வேலைக்கு வந்துகொண்டிருந்த ஆயா மேல் சந்தேகம் என்று சொன்னேன். உனக்குத் தேங்காய் பன் வாங்கி வருவாளே, அவள்தான். மறுநாளே நிறுத்தினோம். ஒரு வார்த்தை பேசாமல், குடையைக்கூட விட்டுவிட்டுப் போனாள். அம்மா இன்றுவரை அதை நம்புகிறாள். ஆயாவைப் பிற்பாடு தேடிப் போனேன், வீடு மாற்றிப் போய்விட்டார்கள். ஒழுங்காகத் தேடினேன் என்றும் சொல்ல மாட்டேன்.

இதை அம்மாவிடம் நானே சொல்ல வேண்டும். நீ சொல்லிவிடாதே.

தேர்தலில் நில், வேண்டாம் என்று சொல்லவில்லை. கணக்கு மட்டும் எழுது. அடகுச் சீட்டில் என்ன தேதி போட்டிருக்கிறது? வட்டி கட்ட என்னிடம் கொஞ்சம் இருக்கிறது. வியாழக்கிழமை கோவை எக்ஸ்பிரஸில் வருகிறேன். ஸ்டேஷனுக்கு ஆள் அனுப்பாதே, நீயே வா.

அப்பா