நான் போட்ட மியூட்டை உங்கள் செயலி மதிக்க வேண்டும்: சாட் செயலி நிறுவனத்துக்கு ஒரு புகார் கடிதம்

அனுப்புநர்
ஆண்டுச் சந்தா கட்டும் வாடிக்கையாளர்,
கோயம்புத்தூர்.

பெறுநர்
குறைதீர்ப்பு அலுவலர்,
சாட் செயலி நிறுவனம்,
இந்திய அலுவலகம்.

பொருள்: விண்டோஸில் ‘டூ நாட் டிஸ்டர்ப்’ போட்ட பிறகும் கம்ப்யூட்டர் கேம் நடுவே உங்கள் செயலியின் நோட்டிஃபிகேஷன்கள் வருவது, அழைப்பு விண்டோ கேமைத் தள்ளிவிட்டு முன்னால் வந்து நிற்பது தொடர்பாக.

ஐயா / அம்மா, வணக்கம்.

கம்ப்யூட்டரில் என்னைத் தொந்தரவு செய்ய வேண்டாம் என்று நான் போட்டு வைக்கிற அமைப்பை உங்கள் செயலியின் விண்டோஸ் பதிப்பு கண்டுகொள்வதே இல்லை. இதைச் சரிசெய்யச் சொல்லி உங்கள் உதவி மையத்துக்குப் பல தடவை எழுதிவிட்டேன். ஒவ்வொரு தடவையும் வேறு ஆள், ஆனால் அதே பதில்: “விளையாடும் நேரத்தில் செயலியை மூடிவிடுங்கள்.” கடைசியாகப் போனில் பேசியவர் “கேம்தானே சார்” என்றார். அந்த ஒரு வார்த்தைக்குப் பிறகு உதவி மையத்தோடு பேசிப் பயனில்லை என்று தோன்றியதால் உங்களுக்கு நேரடியாக எழுதுகிறேன்.

என்ன நடக்கிறது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். நானும் நண்பர்களும் ஐந்து பேர் கொண்ட அணியாக இரவில் கவுன்டர்-ஸ்ட்ரைக் 2 என்ற துப்பாக்கிச் சண்டை கேம் விளையாடுகிறோம். சின்னச் சின்ன ஆன்லைன் போட்டிகளிலும் கலந்துகொள்கிறோம். இந்த விளையாட்டில் ஓர் அணி குண்டு வைத்த பிறகு அது வெடிக்க 40 விநாடிதான். மற்ற அணி அதைச் செயலிழக்கச் செய்ய 10 விநாடி ஆகும், அதற்கான கருவி கையில் இருந்தால் 5 விநாடி. எதிரணி ஆள் எந்தப் பக்கமாக வருகிறார் என்பதைக் காலடிச் சத்தத்தை வைத்துத்தான் கணிக்க வேண்டும். ஹெட்போனில் அந்த மெல்லிய சத்தத்துக்குக் காது கொடுத்திருக்கும்போது உங்கள் செயலி ‘டிங்’ என்கிறது. திரையின் மூலையில் ஒரு பெட்டி வந்து நிற்கிறது. உள்ளே குடியிருப்புக் குழுவின் காலை வணக்கப் படம் இருக்கும், அல்லது உங்கள் சொந்த விளம்பரம் இருக்கும்.

இதையாவது பொறுத்துக்கொள்ளலாம். அழைப்பு வந்தால் கதையே வேறு. உங்கள் அழைப்பு விண்டோ கேமைப் பின்னால் தள்ளிவிட்டு முன்னால் வருகிறது. முழுத்திரையில் ஓடிக்கொண்டிருந்த கேம் டாஸ்க்பாருக்குப் போய்விடுகிறது. அந்தக் கணத்தில் நான் அழுத்துகிற கீ எல்லாம் உங்கள் விண்டோவுக்குப் போகின்றன. குதிப்பதற்காக ஸ்பேஸ் பாரை அழுத்தினால் அழைப்பு ஏற்கப்படுகிறது. ஏனென்றால் அந்த விண்டோவில் ‘ஏற்கவும்’ என்ற பட்டனைத்தான் நீங்கள் முன்கூட்டியே தேர்வு செய்து வைத்திருக்கிறீர்கள். மைக் திறந்துவிடுகிறது. நானும் என் அணியினரும் பேசிக்கொள்வது மறுமுனையில் யாரோ ஒருவருக்குக் கேட்கிறது. இது எரிச்சலோடு முடிகிற விஷயமில்லை. என் சம்மதம் இல்லாமல் என் மைக் இன்னொருவருக்குத் திறக்கப்படுகிறது. இந்த ஒரு காரணத்துக்காகவே நீங்கள் இதை அவசரப் பிழையாக எடுத்திருக்க வேண்டும்.

சத்தத்திலும் ஒரு சிக்கல் உண்டு. விண்டோஸின் ஒலி அமைப்புகளில் ‘கம்யூனிகேஷன்ஸ்’ என்று ஒரு பக்கம் இருக்கிறது. அழைப்பு நடப்பதாகத் தெரிந்தால் மற்ற எல்லாச் சத்தத்தையும் 80 சதவீதம் குறைத்துவிடு என்பதுதான் அதில் முதலிலிருந்தே உள்ள தேர்வு. உங்கள் அழைப்பு மணி ஒலித்தாலே விண்டோஸ் அதை அழைப்பாக எடுத்துக்கொள்கிறது. நான் எடுப்பதற்கு முன்பே கேமின் சத்தம் அடியோடு இறங்கிவிடுகிறது. நான் தேடிக் கண்டுபிடித்து ‘எதுவும் செய்யாதே’ என்று மாற்றிக்கொண்டேன். என் அணியில் மற்றவர்களுக்கு இப்படி ஒரு பக்கம் இருப்பதே தெரியாது. ஹெட்போன் கெட்டுவிட்டது என்று நினைத்து ஒருவர் புதிதே வாங்கிவிட்டார்.

இனி, தவறு எங்கே இருக்கிறது என்பதைச் சொல்கிறேன். உங்கள் பொறியாளர்களுக்கு இந்தப் பகுதியை அப்படியே அனுப்புங்கள்.

விண்டோஸ் 10-இல் 2018 ஏப்ரல் அப்டேட்டோடு ‘ஃபோகஸ் அசிஸ்ட்’ வந்தது. விண்டோஸ் 11-இன் 22எச்2 பதிப்பில் அதற்கே ‘டூ நாட் டிஸ்டர்ப்’ என்று பெயர் மாறியது. கேம் விளையாடும்போது, ஒரு செயலி முழுத்திரையில் ஓடும்போது, திரையை இன்னொரு திரையில் காட்டும்போது அது தானாகவே ஆன் ஆகும்படி வைக்கலாம். முழுத்திரை போலவே தெரிகிற பார்டர் இல்லாத விண்டோவில் கேம் ஓடினால் சில சமயம் தானாக ஆன் ஆகாமல் போகும். அதனால் நான் தானியங்கி விதியை நம்பாமல், விளையாட உட்காரும் முன் கையாலேயே ஆன் செய்துவிடுகிறேன். எனவே ‘விண்டோஸ் கேமை அடையாளம் காணவில்லை’ என்ற பதில் எனக்குப் பொருந்தாது.

அது ஆன் ஆன பிறகு மெயில் செயலி அமைதியாகிறது. பிரவுசர் அமைதியாகிறது. அப்டேட் கேட்கிற பிரின்டர் மென்பொருள்கூட வாய் திறப்பதில்லை. உங்கள் செயலி மட்டும் பேசுகிறது. காரணம், நீங்கள் விண்டோஸின் நோட்டிஃபிகேஷன் வழியாகச் செய்தியைக் காட்டுவதில்லை. சொந்தமாக ஒரு சின்ன விண்டோவை வரைந்து, எல்லாவற்றுக்கும் மேலே நிற்கும்படி வைத்திருக்கிறீர்கள். இதற்குச் சாட்சியும் இருக்கிறது. விண்டோஸ் செட்டிங்ஸில் நோட்டிஃபிகேஷன் பட்டியலில் உங்கள் செயலியின் பெயரே வரவில்லை. திரையில் வந்து போன உங்கள் பெட்டிகள் எதுவும் நோட்டிஃபிகேஷன் சென்டரில் சேர்வதும் இல்லை. அதாவது விண்டோஸின் கண்ணுக்கு அவை நோட்டிஃபிகேஷனே இல்லை, சாதாரண விண்டோக்கள். வாசலில் பூட்டுப் போட்டால் ஜன்னல் வழியாக ஏறி வருவது போலத்தான் இது.

சொந்த வடிவமைப்பில்தான் காட்டுவோம் என்றால் அதற்கும் வழி இருக்கிறது. ‘இந்த நேரத்தில் பயனரிடம் நோட்டிஃபிகேஷன் காட்டலாமா?’ என்று ஒரு செயலி விண்டோஸிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளும் வசதி பழைய விண்டோஸ் விஸ்டா காலத்திலிருந்தே உள்ளது. டைரக்ட்3டி (கேம்கள் படம் வரையப் பயன்படுத்தும் விண்டோஸ் வசதி) முழுத்திரையில் ஓடுகிறதா, பிரசன்டேஷன் நடக்கிறதா, நோட்டிஃபிகேஷனை ஏற்கும் நிலையா என்று தனித்தனியாகப் பதில் வரும். பெட்டியை வரைவதற்கு முன் இதை ஒருமுறை கேட்டாலே பாதிப் பிரச்சினை தீரும். அழைப்பு வந்தால் முன்னால் பாயாமல் டாஸ்க்பார் ஐகானை மின்னவிடும் ஏற்பாடும் விண்டோஸில் நெடுங்காலமாக இருக்கிறது.

மற்றவர்கள் இதைச் செய்துகொண்டுதான் இருக்கிறார்கள். கேம் ஆடுபவர்கள் பயன்படுத்தும் டிஸ்கார்ட் என்ற சாட் செயலியில் சிவப்பு நிற ‘டூ நாட் டிஸ்டர்ப்’ நிலை போட்டால் கம்ப்யூட்டரில் நோட்டிஃபிகேஷன் நின்றுவிடும். கேமை நேரலையில் காட்டுபவர்களுக்கான அதன் ஸ்ட்ரீமர் மோடிலும் நோட்டிஃபிகேஷனையும் சத்தத்தையும் நிறுத்த முடியும். ஆப்பிள் 2021-இல் கொண்டுவந்த ஃபோகஸ் வசதியில் விளையாட்டுக்கென்றே ஒரு பிரிவு இருக்கிறது. கேம் கன்ட்ரோலரை இணைத்தால் தானாக ஆன் ஆகும்படி வைக்கலாம். யார் யாருடைய அழைப்பு மட்டும் வரலாம் என்றும் நாமே தேர்ந்தெடுக்கலாம்.

அந்தக் கடைசி வசதிதான் எனக்கு மிகவும் தேவைப்படுவது. ‘செயலியை மூடிவிடுங்கள்’ என்ற பதிலை நான் ஏன் ஏற்கவில்லை என்பதற்கும் அதுவே காரணம். என் அப்பா தென்காசியில் இருக்கிறார். உடம்பு சரியில்லை. அக்காதான் கூட இருந்து பார்த்துக்கொள்கிறார். அவசரம் என்றால் அக்கா அழைப்பது உங்கள் செயலியில்தான். மாதாமாதம் மருந்துச் சீட்டு வருவதும், டாக்டர் சொன்னதை அக்கா குரல் பதிவாக அனுப்புவதும் அதிலுள்ள எங்கள் குடும்பக் குழுவில்தான். நான் செயலியை மூடினால் குடியிருப்புக் குழுவோடு சேர்ந்து அக்காவும் வெளியே நிற்கிறார். உங்கள் செயலிக்குள் இருக்கும் ‘தொந்தரவு வேண்டாம்’ நிலையைப் போடலாம் என்றால், அது கணக்கு முழுவதற்கும் ஒன்றாக இருக்கிறது. கம்ப்யூட்டரில் போட்டால் பக்கத்தில் மேஜை மேல் இருக்கும் போனும் ஊமையாகிவிடுகிறது. எனக்குக் கம்ப்யூட்டர் அமைதியாக இருக்க வேண்டும், போன் அடிக்க வேண்டும். ஒரே ஆள் இரண்டு கருவிகளை இரண்டு விதமாக வைத்துக்கொள்ள நினைப்பது இயல்பு. அதற்கு உங்களிடம் வழியே இல்லை.

குழுக்களை ஒவ்வொன்றாக மியூட் செய்யச் சொன்னார்கள். செய்தேன். எல்லோரையும் குறிப்பிட்டு யாராவது செய்தி போட்டால் மியூட் செய்த குழுவும் சத்தம் போடுகிறது. அதை நிறுத்தும் பட்டன் செட்டிங்ஸில் மூன்று பக்கம் உள்ளே இருக்கிறது. கண்டுபிடித்து நிறுத்தினால் அடுத்த அப்டேட்டில் அது மறுபடி ஆன் ஆகிக் கிடக்கிறது. ஒவ்வொரு செயலியின் சத்தத்தையும் தனியாகக் கூட்டிக் குறைக்கும் விண்டோஸின் வால்யூம் மிக்சரில் உங்கள் செயலியை மட்டும் குறைத்து வைத்தேன். அப்புறம் நானே விரும்பிப் பேசுகிற அழைப்பிலும் குரல் கேட்கவில்லை, ஏனென்றால் மணிச் சத்தத்துக்கும் பேச்சுக்கும் நீங்கள் ஒரே வழியை வைத்திருக்கிறீர்கள்.

விளம்பரத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். சந்தா கட்டிய பிறகும் ‘புதிய ஸ்டிக்கர் தொகுப்பு’, ‘நண்பரை அழைத்தால் சலுகை’ என்று உங்கள் பெட்டிகள் வந்துகொண்டே இருக்கின்றன. அவற்றை மட்டும் நிறுத்தத் தனி வழி இல்லை. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பரில் வெளியிட்ட வழிகாட்டுதல்களில், தவிர்க்க வேண்டிய 13 ஏமாற்று வடிவமைப்புகளின் பட்டியல் உண்டு. திரும்பத் திரும்பக் கேட்டு நச்சரிப்பது அதில் ஒன்று. உங்கள் சட்டப் பிரிவு அதை ஒருமுறை படித்துப் பார்க்கட்டும்.

‘கேம்தானே’ என்று சொன்னவருக்கும் ஒரு பதில் சொல்ல வேண்டும். 2023-இல் ஹாங்சோவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில் இ-ஸ்போர்ட்ஸுக்கு, அதாவது போட்டியாக ஆடும் வீடியோ கேம்களுக்கு, பதக்கம் கொடுத்தார்கள். அதற்கு முன்பே, 2022 டிசம்பரில், இந்திய அரசு இ-ஸ்போர்ட்ஸை விளையாட்டு அமைச்சகத்தின் கீழ் கொண்டுவந்தது. ஆனால் இந்த அங்கீகாரம் எதுவும் இல்லாவிட்டாலும் என் புகார் அப்படியேதான் இருக்கும். வேலை முடிந்து ஒருவர் தன் கம்ப்யூட்டரில் ஒரு மணி நேரம் எதில் கவனம் வைக்கிறார் என்பது அவர் விருப்பம். கேம் ஆடலாம், ஆன்லைனில் சதுரங்கம் ஆடலாம், படம் பார்க்கலாம், வகுப்பு எடுக்கலாம். அந்த நேரத்தின் மதிப்பைக் கணக்குப் போட உங்களுக்கு உரிமை இல்லை. நான்கு பேர் என்னை நம்பி ஆடிக்கொண்டிருக்கிறார்கள். என் கேம் திடீரென்று மறைந்தால் தோற்பது அவர்களும்தான்.

நான் கேட்பது இவைதான். கம்ப்யூட்டரில் நோட்டிஃபிகேஷன்களை விண்டோஸ் வழியாகவே அனுப்புங்கள், அல்லது உங்கள் சொந்தப் பெட்டி விண்டோஸின் ‘டூ நாட் டிஸ்டர்ப்’ நிலைக்குக் கட்டுப்படட்டும். அழைப்பு விண்டோ எந்த நிலையிலும் கீபோர்டைப் பிடுங்கிக்கொள்ளக் கூடாது. ஸ்பேஸ், என்டர் போன்ற கீக்களால் அழைப்பு ஏற்கப்படுவதை இந்த வாரமே நிறுத்துங்கள், மற்றவை வரும்வரை அது காத்திருக்கக் கூடாது. அமைதி நிலையைக் கருவிக்குக் கருவி தனியாக வைக்க வழி கொடுங்கள். அதில் நான் தேர்ந்தெடுக்கும் இரண்டு மூன்று பேருக்கு மட்டும் விலக்கு இருக்கட்டும். நான் ஒருமுறை மாற்றிய அமைப்பை அப்டேட் தொடக் கூடாது. விளம்பரத்துக்குத் தனிப் பட்டன் வேண்டும், சந்தா கட்டியவர்களுக்கு அது முதலிலேயே ஆஃப் ஆகியிருக்க வேண்டும்.

2021-ஆம் ஆண்டின் தகவல் தொழில்நுட்ப விதிகளின்படி இந்தப் புகார் கிடைத்ததை 24 மணி நேரத்துக்குள் உறுதிசெய்து, அவை விதிக்கும் காலத்துக்குள் தீர்வு சொல்ல வேண்டியது உங்கள் பொறுப்பு. ‘உங்கள் கருத்துக்கு நன்றி’ என்ற தானியங்கி மெயிலை நான் பதிலாக எடுத்துக்கொள்ள மாட்டேன். எந்தத் திருத்தம் எந்தப் பதிப்பில் வரும் என்று எழுத்தில் வேண்டும். செய்ய முடியாது என்றால் அதையும் எழுத்தில் சொல்லி, மீதமுள்ள மாதங்களுக்கான சந்தாவைத் திருப்பிக் கொடுங்கள். இரண்டும் நடக்காவிட்டால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்துவிட்டு, நுகர்வோர் ஆணையத்துக்குப் போவேன்.

கேம் நடுவே அழைப்பு விண்டோ முன்னால் வருவதைக் காட்டும் திரைப்பதிவு, விண்டோஸ் நோட்டிஃபிகேஷன் பட்டியலின் ஸ்கிரீன்ஷாட், உதவி மையத்தோடு நடந்த கடிதப் போக்குவரத்து, சந்தா ரசீது ஆகியவற்றை இணைத்திருக்கிறேன். திரைப்பதிவில் மைக் திறக்கும் இடத்தைக் குறித்து வைத்திருக்கிறேன். உங்கள் பொறியாளர்களில் யாராவது என்னோடு பேசிச் சோதித்துப் பார்க்க விரும்பினால், மாலை 6 மணிக்கு மேல் எந்த நாளானாலும் சரி.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளர்,
கோயம்புத்தூர்.