அப்பாவுக்கு, பேத்தியின் பெயர் குறித்து

அன்புள்ள அப்பா,

பதிவகத்தில் போன வாரம் கையெழுத்துப் போட்டுவிட்டோம். ஃபிரசிக்லியா. இனி அதுதான் பெயர்.

குடும்ப வாட்ஸப் குழுவில் தம்பி முந்திக்கொண்டு போட்டதைப் பார்த்துத்தான் உங்களுக்குத் தெரிந்தது என்பதற்கு வருந்துகிறேன். நான் ஃபோனில் சொல்லியிருக்க வேண்டும் என்று அம்மா சொன்னாள். சொல்லியிருப்பேன். ஆனால் நான் கூப்பிடும்போதெல்லாம் "அம்மாட்ட குடுக்கிறேன்" என்பதைத் தவிர நீங்கள் வேறென்ன சொல்கிறீர்கள்? சித்தி, மாமா எல்லாரும் பூ, கேக் படமெல்லாம் போட்டார்கள். உங்களிடமிருந்து ஒன்றும் வரவில்லை. இரண்டு நாள் கழித்து அம்மா வழியாக வந்தது: "செத்த பொண்ணு பேரையா பிள்ளைக்கு வைப்பா?"

தனியாகக் கடிதம் போட்டால் பாதியில் மடித்து வைத்துவிடுவீர்கள். இந்தப் பக்கத்தை நீங்கள் ஒரு வரி விடாமல் படிப்பது எனக்குத் தெரியும். சந்திப்பிழைகளை அம்மாவிடம் சொல்லி அனுப்புகிறீர்களே. அதனால் இங்கே எழுதுகிறேன். மற்றவர்களும் படிக்கும் இடம் என்பதால் சிலவற்றை எழுத மாட்டேன். சம்பந்தியம்மாவும் மொழிபெயர்ப்புச் செயலியில் போட்டுப் படிப்பார். அக்காவின் பெயரை எழுத மாட்டேன். அது உங்களிடமிருந்து வர வேண்டியது.

பெயரை அருங்காட்சியகத்தில் ஏதோ சிலையின் அடியில் பார்த்துப் பிடித்துப்போய் வைத்ததாகத் தம்பி எழுதியிருந்தான். அவன் அன்று எங்களோடு இல்லை. நீங்கள் இருந்தீர்கள்.

ஏதென்ஸில் பாத்திசியோன் தெருவில் இருக்கும் அந்தத் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தில் காலையிலிருந்து நீங்கள் பெரிதாக எதையும் ரசிக்கவில்லை. மிசினி நகரத்துத் தங்க முகமூடியை ஒரு பார்வை பார்த்துவிட்டு நகர்ந்தீர்கள். கால் வலிக்கிறது என்றீர்கள். பிறகு அவள் முன்னால் போய் நின்றீர்கள். ஆள் உயரப் பளிங்குப் பெண். தலையைச் சுற்றித் தாமரை மொட்டும் மலரும் மாறி மாறி வரும் கிரீடம், காதணி, கழுத்தில் மாலை, கையில் வளை. ஒரு கை உடையைப் பிடித்திருக்கிறது, மறு கை மார்போடு ஒரு தாமரை மொட்டை ஏந்தியிருக்கிறது. சிவப்புச் சாயம் இன்னும் அங்கங்கே ஒட்டிக்கொண்டிருக்கும் உடை. "கல்யாணப் பொண்ணு மாதிரி இருக்கா" என்றீர்கள். நான் பதில் சொல்லவில்லை. பீடத்தில் எழுத்து இருப்பதைக் கண்டதும் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு குனிந்தீர்கள். தெரியாத எழுத்தானாலும் எழுத்தென்றால் உங்களுக்குக் குனிந்தாக வேண்டும்.

"என்ன எழுதியிருக்கு?"

உங்கள் மருமகன் பழைய கிரேக்கத்தில் வாசித்தார். நான் தமிழில் சொன்னேன்: ஃபிரசிக்லியாவின் அடையாளம் இது. கன்னி என்றே என்றும் அழைக்கப்படுவேன். மணத்துக்கு மாற்றாகத் தெய்வங்களிடம் நான் பங்காகப் பெற்ற பெயர் அது.

இன்னொரு முறை சொல்லச் சொன்னீர்கள். வயது என்ன என்று கேட்டீர்கள். கல்லில் இல்லை என்றேன். எப்படிச் செத்தாள்? அதுவும் இல்லை. அப்பன் யார்? அதுவும் இல்லை. இருப்பது அவள் பெயரும், செதுக்கியவன் பெயரும்தான்: பாரோஸ் தீவின் அரிஸ்தியோன். பிறகு நீங்கள் அவள் பெயரைச் சொல்லிப் பார்த்தீர்கள். முதலெழுத்து வரவில்லை. "பிரசி... பிரசிக்கிலி..." காவலுக்கு நின்ற அம்மாள் சிரித்துக்கொண்டே அருகில் வந்து, வகுப்பில் சொல்லிக்கொடுப்பதுபோல் அசை பிரித்துச் சொன்னார். நீங்கள் மாணவனைப்போல் திரும்பச் சொன்னீர்கள். அந்தக் கூடம் முழுக்க உங்கள் குரல் கேட்டது. வெளியே வந்து பேருந்துக்கு நிற்கும்போதும் சொல்லிக்கொண்டிருந்தீர்கள்.

நான் அன்று இரவு தூங்கவில்லை அப்பா. ஈராயிரத்து ஐந்நூறு வருஷத்துக்கு முன்னால் செத்த யார் வீட்டுப் பெண்ணோ, அவள் பெயர் உங்கள் வாயில் அத்தனை முறை வந்தது. நம் வீட்டில் அந்த ஐப்பசிக்குப் பிறகு ஒரு பெயர் வரவேயில்லை. "பெரியவ" என்றுகூட வரவில்லை. படத்தைச் சுவரிலிருந்து எடுத்தீர்கள். ரேஷன் கார்டில் பெயரை நீக்கத் தாலுகா அலுவலகத்துக்கு யாரையும் கூட்டிக்கொள்ளாமல் போய் வந்தீர்கள். ரயிலில் எதிரே உட்கார்ந்தவர் எத்தனை பிள்ளைகள் என்று கேட்டதற்கு "ரெண்டு" என்றீர்கள். நான் பக்கத்தில்தான் இருந்தேன். அம்மா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

அதற்குக் காரணம் இருந்தது என்று தெரியும். சொன்னால் உடைந்துபோவீர்கள் என்று அம்மா எங்கள் இருவரையும் அடக்கி வைத்தாள். நானும் அடங்கித்தான் இருந்தேன். உங்களைக் குறை சொல்லவா இதை எழுதுகிறேன்? கொஞ்சம் அதற்கும்தான்.

பெயரின் பொருளைக் கேட்டதாக அம்மா சொன்னாள். கோபத்திலும் பொருள் கேட்பீர்கள், தெரியும். சொல்கிறேன். இரண்டு சொல் சேர்ந்தது. முன்பாதி, சுட்டிக்காட்டுதல், சொல்லி உணர்த்துதல் என்ற வினையிலிருந்து வருகிறது. பின்பாதி 'க்லேயோஸ்'. புகழ் என்று அகராதி சொல்லும், ஆனால் அது காதில் விழும் புகழ். கேட்டல் என்ற வினையோடு பிறந்த சொல். "ஈதல் இசைபட வாழ்தல்" என்று வகுப்பில் சொல்லும்போது இசை என்றால் பாட்டு இல்லை, நாலு பேர் வாயில் வரும் பேச்சு என்பீர்களே, அந்த இசை. பெரிக்லீஸ், சோபோக்லீஸ், தெமிஸ்தோக்லீஸ் எல்லாம் இதே சொல்லில் முடிபவை. ஆண்கள் அள்ளி அள்ளி வைத்துக்கொண்டார்கள். பெண்களில், ஹோமரின் காவிய நாயகன் ஒதீசியுஸின் கால் தழும்பைத் தொட்டு ஆளை அடையாளம் கண்ட கிழச் செவிலி எவ்ரிக்லியா இருக்கிறாள். கிளியோபாத்ராவும் இதே குடும்பம்தான். தந்தையின் புகழ் என்று பொருள். அதை வைத்திருந்தால் இவ்வளவு கோபம் வந்திருக்காதோ?

ஃபிரசிக்லியா என்றால் புகழை எடுத்துச் சொல்பவள். யாருடைய புகழை? குடும்பத்தினுடையது என்று படித்தவர்கள் சொல்கிறார்கள். மகள் மணமாகிப் போய்ப் பிள்ளை பெற்று வீட்டின் பெயரை எடுத்துச் செல்வாள் என்று நினைத்து வைத்திருப்பார்கள். அவள் போகவில்லை. கல்தான் சொல்லிக்கொண்டு நிற்கிறது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு அந்தப் பெயரை வைத்த வீட்டின்மேல்தான் மனம் போகிறது.

ஏதென்ஸைச் சுற்றியுள்ள அதே அத்திகாப் பகுதியில், கிட்டத்தட்ட அதே நூற்றாண்டில், க்லியோபூலோஸ் என்ற தகப்பன் செத்துப்போன மகன் க்ஸேனோஃபான்தோஸுக்கு ஒரு கல் வைத்தான். தகப்பனாகிய க்லியோபூலோஸ் வைத்தது என்று அதில் தன் பெயரையும் எழுதிவைத்தான். ஃபிரசிக்லியாவின் கல்லில் அந்த வரி இல்லை. பாரோஸ் தீவுப் பளிங்கைக் கடல் கடத்திக் கொண்டுவந்து, அந்தத் தீவின் சிற்பியை வைத்துச் செதுக்கி, நகை நகையாய்ப் பூட்டி நிறுத்தியது வசதியான வீடாகத்தான் இருக்கும். இருந்தும் யாரும் தன் பெயரை முன்னால் போட்டுக்கொள்ளவில்லை. "நான்" என்று பேசுவது அவள் மட்டும். அந்தக் காலத்தில் கல்லெழுத்தை வாய்விட்டுத்தான் படிப்பார்கள். போகிற வருகிறவன் எவனாக இருந்தாலும் அவளுக்குக் குரல் கொடுத்தாக வேண்டும், நீங்கள் கொடுத்ததுபோல. நம் அகநானூற்றில் "பெயரும் பீடும் எழுதி" நட்ட கல் எல்லாம் போரில் விழுந்த மறவருக்கு. இது போருக்குப் போகாத, எதையும் வெல்லாத ஒரு பெண்பிள்ளைக்கு.

அவளை எடுத்தது 1972இல். நீங்கள் வந்து இறங்கினீர்களே, அந்த விமான நிலையத்துக்குத் தெற்கே மார்க்கோபூலோ, அதை ஒட்டி மெரெந்தா. 2004 ஒலிம்பிக்கில் குதிரைப் போட்டிகள் நடந்த இடம். சுற்றிலும் திராட்சைத் தோட்டம். குழந்தை வயிற்றில் இருந்தபோது நாங்கள் அங்கே போனோம். பீடம் மட்டும் வெகு காலமாக அங்கிருந்த மாதா கோயிலின் கட்டுமானத்தில் செருகியிருந்தது. 18ஆம் நூற்றாண்டிலேயே ஒரு பிரெஞ்சுக்காரர் அந்த எழுத்தைப் பிரதி எடுத்திருக்கிறார். ஆக, பெயர் இருந்தது, ஆளைக் காணோம். பிறகு மாஸ்த்ரோகோஸ்தாஸ் என்ற தொல்லியலாளர் கோயிலிலிருந்து சற்றுத் தொலைவில் ஒரு குழியைத் தோண்டினார். அதில் ஒரு இளைஞன் சிலையும் இவளும் பக்கத்தில் பக்கத்தில் படுத்திருந்தார்கள். காலடியில் உருக்கி வார்த்திருந்த ஈயம் பீடத்தின் குழியோடு பொருந்தியது. அப்படித்தான் பெயரும் ஆளும் மறுபடி ஒன்றாயினர். சிதைந்துவிடக் கூடாதென்று யாரோ பத்திரமாகக் கிடத்திப் புதைத்ததுபோல இருந்ததாம், மூக்கு முகம் எல்லாம் அப்படியே.

நீங்கள் படத்தைப் பெட்டியில் வைத்ததும் அப்படித்தானோ என்று மெரெந்தாவில் நிற்கும்போது தோன்றியது. பழைய வேட்டியில் சுற்றி வைத்திருந்தீர்கள். எனக்குத் தெரியும், நான் திறந்து பார்த்திருக்கிறேன்.

ராசியில்லாத பெயர் என்கிறீர்கள். சம்பந்தியம்மாவும் முதலில் அதையேதான் சொன்னார், வேறு வார்த்தைகளில். இங்கே முறை உங்களுக்குப் புரிந்ததுதான்: பேரப்பிள்ளைக்குத் தாத்தா பாட்டி பெயர். பேத்தி என்பதே பெயர்த்தி, பெயரைத் தாங்குகிறவள் என்று நீங்கள் சொல்லிக்கொடுத்ததை நான் அவருக்குச் சொன்னபோது, நம் ஊரில் நல்ல ஜனங்கள் இருக்கிறார்கள் என்று சந்தோஷப்பட்டார். தன் பெயரை எதிர்பார்த்தார். அந்தப் பேச்சு எப்படி முடிந்தது என்பதை இங்கே எழுதப் போவதில்லை. அவர் பெருந்தன்மையாக நடந்துகொண்டார் என்பதை மட்டும் எல்லாரும் படிக்கட்டும். இந்தப் பெயரில் புனிதர் யாருமில்லை, அதனால் அந்தப் புனிதரின் நாளில் கொண்டாடும் பெயர்நாள் கிடையாதே என்பதுதான் இப்போது அவர் கவலை. அப்படிப்பட்டவர்களுக்கு எல்லாப் புனிதர்களின் ஞாயிறு இருக்கிறது, பெந்தெகொஸ்தே கழிந்த முதல் ஞாயிறு. அன்றைக்குக் கொண்டாடுவதாகப் பேசியிருக்கிறோம். ஞானஸ்நானம் பற்றிப் பிறகு. ஞானத்தாய் தொட்டியருகே நின்று உரக்கச் சொல்லும் வரை பிள்ளையை வெறுமே 'பேபா' என்று கூப்பிட்டுக்கொண்டிருக்கும் வீடுகள் இங்கே உண்டு. ஆனால் 1976ஆம் வருஷச் சட்டத்திலிருந்து பெயர் என்பது பெற்றோர் பதிவகத்தில் சொல்வதுதான். நாங்கள் சொல்லிவிட்டோம்.

அக்கா பெயரையே வைத்திருக்கலாமே என்று அம்மா கேட்டாள். நீங்கள் கேட்கவில்லை. வைத்திருந்தால் உங்கள் பேத்தியைக் கூப்பிடாமலே இருந்திருப்பீர்கள். ஏய், பாப்பா, இந்தா என்று ஆயுள் முழுக்க ஓட்டியிருப்பீர்கள். அதை நான் அவளுக்குச் செய்ய மாட்டேன். அதனால்தான் உங்களால் சொல்ல முடிந்த பெயரை வைத்தேன். அந்தக் கூடத்தில் நீங்கள் கூச்சமில்லாமல் சொன்ன பெயர். கல்லறையிலிருந்து எடுத்தேன் என்கிறீர்கள். உங்கள் வாயிலிருந்துதான் எடுத்தேன்.

மணத்துக்கு மாற்றாகப் பெற்ற பெயர் என்ற வரிதான் உறுத்துகிறது என்று நினைக்கிறேன். அக்காவுக்கு வாங்கி வைத்த அந்தப் பச்சைப் புடவையை அம்மா எனக்குக் கட்டியபோது நீங்கள் மண்டபத்தை விட்டு வெளியே போனீர்கள். எனக்குத் தாலி கட்டும்போது உள்ளே இல்லை. அதைப் பற்றி நான் இதுவரை பேசியதில்லை, இனியும் பேச மாட்டேன். இந்த நாட்டில் 1983லிருந்து பெண் மணம் முடித்தாலும் பிறந்த வீட்டுக் குடும்பப் பெயரோடுதான் சட்டப்படி இருக்கிறாள். என் மகள் மணமும் செய்துகொள்ளட்டும், செய்யாமலும் இருக்கட்டும். ஒன்றைக் கொடுத்து ஒன்றை வாங்கும் கணக்கு அவளுக்கு வேண்டாம். கல்லில் கன்னி என்று வரும் 'கோரி' என்ற சொல்லுக்கு இன்றைய கிரேக்கத்தில் மகள் என்றும் பொருள் அப்பா. கல்லில் உள்ள வரியை அப்படியும் வாசித்துப் பாருங்கள்: மகள் என்றே என்றும் அழைக்கப்படுவேன்.

மொழிமுதலில் ஆய்தம் வரக் கூடாது, நன்னூலில் இடமில்லை என்று அம்மாவிடம் சொன்னீர்களாம். பிரசிக்கிலியை என்று வேண்டுமானால் எழுதலாம் என்றும். அப்படியே எழுதுங்கள். உங்கள் கையெழுத்தில் ஒரு தாளில் எழுதி அனுப்பினால் தொட்டிலுக்கு மேலே ஒட்டுவேன். வீட்டில் கூப்பிட ஒரு பெயரும் நீங்களே வையுங்கள். எந்தப் பெயராக இருந்தாலும் சரி. எந்தப் பெயராக இருந்தாலும்.

அழைப்புக் கடிதமும் வீட்டு முகவரிச் சான்றும் கூரியரில் வருகின்றன. விசாவுக்குப் போகும்போது பழைய பாஸ்போர்ட்டையும் எடுத்துக்கொள்ளுங்கள். முழங்கால் தைலம் மறக்க வேண்டாம், இங்கே கிடைக்காது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் கூப்பிடுவேன். எடுத்தவுடனே அம்மாவிடம் கொடுத்துவிடாதீர்கள்.

உங்கள் சின்னவள்