18 வயதும் வண்டிச் சாவியும்: மேல்நிலை வகுப்புப் பெற்றோருக்கு

அன்புள்ள பெற்றோர்களுக்கு,

வணக்கம். +1, +2 பிள்ளைகள் ஸ்கூட்டரில் வருவது இந்த ஆண்டு அதிகமாகிவிட்டது. வளாகத்துக்குள் வண்டி கூடாது என்று சொன்ன பிறகு, பக்கத்துத் தெரு ஜெராக்ஸ் கடை ஓரமாக நிறுத்திவிட்டு நடந்து வருகிறார்கள். போன வாரம் சாயங்காலம் அங்கே போய் நின்று பார்த்தேன். ஒரே வண்டியில் மூன்று பேர். புத்தகப் பை ஓட்டுகிறவன் காலுக்கு நடுவில், ஹெல்மெட் கண்ணாடிக் கம்பியில். அந்தத் தெருமுனையில் லாரிகள் எப்படித் திரும்பும் என்பது உங்களுக்கே தெரியும்.

பெற்றோர் சிலரிடம் கேட்டேன். "16 வயசு ஆயிடுச்சு சார், கியர் இல்லாத வண்டிதானே, லைசென்ஸ் எடுத்துக்கலாமே" என்கிறார்கள். இந்த எண்ணம் பலருக்கும் இருக்கிறது, அதனால்தான் இந்தக் கடிதம். மோட்டார் வாகனச் சட்டப்படி 16 வயதில் ஓட்ட முடிவது 50 சிசிக்கு மேற்படாத வண்டி மட்டும். அதற்கும் பெற்றோர் எழுத்தில் சம்மதம் தர வேண்டும், எல்.எல்.ஆர். (பழகுநர் உரிமம்) எடுக்க வேண்டும். நம் வீடுகளில் நிற்கும் ஸ்கூட்டர்கள் 110, 125 சிசி. வயலுக்கு மூட்டை ஏற்றிப்போகும் மொபெட்கூட 100 சிசியை ஒட்டியதுதான். கியர் இல்லை என்பதற்காக அவை இந்தச் சலுகைக்குள் வந்துவிடாது. பேட்டரி ஸ்கூட்டரிலும் 250 வாட் மோட்டாரையும் மணிக்கு 25 கி.மீ. வேகத்தையும் தாண்டாதவற்றுக்குத்தான் லைசென்ஸ் வேண்டாம். பதிவு எண் வாங்க வேண்டிய வண்டி என்றால் லைசென்ஸும் வேண்டும்.

பிடிபட்டால் அபராதம் கட்டிவிட்டு வந்துவிடலாம் என்று நினைக்காதீர்கள். 2019இல் சேர்த்த 199ஏ பிரிவின்படி, சிறுவர் வண்டி ஓட்டிக் குற்றம் நடந்தால் பெற்றோரோ வண்டிச் சொந்தக்காரரோ குற்றவாளி. 3 ஆண்டு வரை சிறை, 25,000 ரூபாய் அபராதம், வண்டியின் பதிவு 12 மாதத்துக்கு ரத்து. எனக்குத் தெரியாமல் எடுத்துப்போனான் என்று சொன்னால், அதை நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும். இவை எல்லாவற்றையும்விட என்னை உறுத்துவது இன்னொன்று: அந்தப் பிள்ளைக்கு 25 வயது வரை எல்.எல்.ஆர்.கூடக் கிடைக்காது. படிப்பு முடிந்து வேலைக்குப் போகும் வயதில், லைசென்ஸ் கேட்கும் வேலைகள் எல்லாம் கைநழுவிப் போகும்.

18 முடிந்த பிறகு வழி நேரானது. ஆதார் எண்ணோடு அரசின் பரிவாகன் இணையதளத்தில் எல்.எல்.ஆர்.க்கு விண்ணப்பிக்கலாம். சாலைக் குறியீடு, விதிகள் பற்றிய தேர்வு இருக்கும். எல்.எல்.ஆர். 6 மாதம் செல்லும். 30 நாள் கழித்துத்தான் ஓட்டுநர் தேர்வுக்குப் போக முடியும். இந்த 30 நாளை காத்திருப்பாக எண்ணாமல் பழகுவதற்காக வைத்துக்கொள்ளுங்கள். முன்னும் பின்னும் சிவப்பில் 'எல்' எழுத்து ஒட்ட வேண்டும், கற்றுத்தருபவரைத் தவிர வேறு யாரையும் பின்னால் ஏற்றக் கூடாது. காலையில் மைதானத்தில் தொடங்கி, பிறகு தெரு, பிறகு மெயின் ரோடு என்று லைசென்ஸ் உள்ள நீங்களே கூட இருந்து பழக்குங்கள். ஆர்.டி.ஓ. ஆபீஸில் கால் ஊன்றாமல் 8 போட முந்தின நாள் பழகினால் போதும். எதிரே பஸ் வரும்போது பதறாமல் வேகத்தைக் குறைக்க ஒரு நாளில் வராது. தேர்வில் தவறினாலும் 7 நாள் கழித்து மறுபடி போகலாம்.

எல்.எல்.ஆர். கையில் இருப்பதால் நண்பனை ஏற்றிக்கொண்டு டியூஷன் போகலாம் என்று பிள்ளைகள் சொன்னால் நம்பாதீர்கள். பின்னால் உட்காருபவருக்கும் ஹெல்மெட் கட்டாயம் என்பதையும் சொல்லிவையுங்கள்.

சிறப்பு வகுப்பு முடிய நேரமாகிறது, பஸ் போய்விடுகிறது என்ற குறை நியாயமானது. எந்த ஊர், எந்த பஸ் என்று வகுப்பாசிரியரிடம் எழுதிக் கொடுங்கள். அதற்கேற்ப வகுப்பு நேரத்தை மாற்றுகிறோம். சீருடையில் அரசுப் பேருந்தில் இலவசமாக வரலாம், +1இல் அரசு தந்த சைக்கிளும் இருக்கிறது.

வரும் திங்கள் முதல் மாலையில் ஆசிரியர் ஒருவர் ஜெராக்ஸ் கடை அருகே நிற்பார். வண்டியோடு வரும் மாணவரிடம் வாங்கும் சாவியை, பெற்றோர் நேரில் வந்தால் மட்டுமே தருவோம்.

அன்புடன்,
தலைமையாசிரியர்