அந்தப் படத்தின் ஓரத்தில் நிற்பவர்

நாகர்கோவில்

அன்புள்ள முருகேசா,

நலம். உன் முழங்கால் தேறியிருக்கும் என்று நம்புகிறேன். சின்னவளுக்கு இரண்டாவதும் பெண். தாயும் சேயும் சுகம். பொங்கலுக்கு நீ எழுதிய கடிதத்துக்குப் பதில் போடாதது தப்புதான், வசவை நேரில் வாங்கிக்கொள்கிறேன். மக்ரோனா வெங்கடேசன் பேரனுக்குக் காதுகுத்தாம், அழைத்தானா?

எழுத உட்காரவைத்தது நீ வாட்ஸ்அப்பில் அனுப்பிய செய்தி. லிபியாவை ஆண்ட கடாபியின் ஆட்சியில் மின்சாரம் இலவசம், மணமக்களுக்கு ஐம்பதாயிரம் டாலர், அப்பேர்ப்பட்டவரை வெள்ளைக்காரன் கொன்றுவிட்டான் என்று யாரோ எழுதியது. அது மட்டும் வந்திருந்தால் அழித்துவிட்டு வேலையைப் பார்த்திருப்பேன். நீ நம் படத்தையும் சேர்த்து அனுப்பியிருக்கிறாய். 1996 செப்டம்பர், லிபியத் தலைநகர் திரிப்போலிக்குப் புதுத் தண்ணீர் வந்த நாள், குழாயடியில் நாம் நால்வரும் நனைந்து நிற்கும் படம். கீழே “கண்கண்ட சாட்சிகள் நாங்கள்” என்று உன் கைவரிசை வேறு. சாட்சி என்று சொல்லிவிட்டாய். அப்படியானால் முழுவதையும் சொல்ல வேண்டும், முருகேசா.

தண்ணீர் பொய்யில்லை. கரிப்புத் தண்ணீரில் எத்தனை வருடம் தேநீர் குடித்தோம்! சஹாராவுக்கு அடியில் கிடந்த பழங்கால நீரை, ஆள் நிமிர்ந்து நடக்கக்கூடிய நான்கு மீட்டர் விட்டமுள்ள குழாய்களில் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் கொண்டுவந்தார்கள். லிபியாவுக்கு விமானம் போகத் தடை இருந்த காலம் அது. பக்கத்து நாடான துனீசியாவின் ஜெர்பாவில் இறங்கி எல்லை தாண்டி பஸ்ஸில் வந்து நாம் பார்த்த வேலை. அதில் எனக்கு இன்றும் பெருமை உண்டு. 1969இல் 27 வயது ராணுவ அதிகாரியாக இருந்த கடாபி, மன்னர் இத்ரீஸ் துருக்கியில் இருந்த நேரம் பார்த்து, பெரிய ரத்தச் சேதம் இல்லாமல் நாட்டைப் பிடித்தார். அடுத்த ஆண்டே அமெரிக்க, பிரிட்டிஷ் ராணுவத் தளங்களைக் காலி செய்ய வைத்தார். எண்ணெய் நிறுவனங்களிடம் பேரம் பேசி விலையை ஏற்றினார். பள்ளிகள் வந்தன, மருத்துவமனைகள் வந்தன. இதையெல்லாம் நம் வேலைத்தளத்து ஸ்டோர் ஹாஜி சொல்லும்போது அவர் முகத்தில் இருந்த வெளிச்சத்தை நானும் மறக்கவில்லை.

ஆனால் அதே ஹாஜி, 1984இல் பெங்காசி நகர விளையாட்டு அரங்கில் ஓர் இளைஞனைத் தூக்கிலிட்டதைத் தொலைக்காட்சியில் காட்டினார்கள் என்று ஒரு தடவை சொன்னார். சொல்வதற்கு முன் எழுந்துபோய் ஜன்னலைச் சாத்தினார். அது உனக்கு நினைவிருக்கிறதா?

படத்தைப் பெரிதாக்கிப் பார். இடது ஓரத்தில், ஹாஜியின் வண்டி அருகே, துணி மூட்டையோடு ஒரு பெண். ஹாஜியுடைய சித்தி. இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை பெங்காசியிலிருந்து ஆயிரம் கிலோமீட்டர் பஸ்ஸில் வருவார். ஆஸ்பத்திரிக்கு வந்தார் என்று ஹாஜி சொல்வார், நாமும் நம்பினோம். அன்று நீதான் அவருக்குக் குவளையில் தண்ணீர் பிடித்துக் கொடுத்தாய்.

அவர் போனது திரிப்போலியின் அபு சலீம் சிறைக்கு, மகனைப் பார்க்க. பார்க்க விடமாட்டார்கள். சோற்றையும் உடுப்பையும் வாசலில் வாங்கிக்கொண்டு அனுப்பிவிடுவார்கள். அந்த வருடம் ஜூன் மாதம் 28ஆம் தேதி, உறவினரைப் பார்க்க அனுமதி வேண்டும், மருந்து வேண்டும் என்று கைதிகள் கிளர்ந்தார்கள். பேச வந்தவர் கடாபியின் சகலை அப்துல்லா சனூசி. மறுநாள் காலை முற்றங்களில் கூட்டிவைத்து, கூரை மேலிருந்து சுட்டார்கள். சுமார் 1,200 பேர். நாம் தண்ணீரைக் கொண்டாடியபோது அவர் மகன் செத்து இரண்டு மாதத்துக்கு மேல் ஆகியிருந்தது. அதற்குப் பிறகும் வருடக்கணக்கில் அந்தத் தாய் மூட்டை கட்டிக்கொண்டு வந்தார். வாசலில் இருந்தவர்களும் வாங்கிக்கொண்டே இருந்தார்கள். ஹாஜி இதை எனக்குப் போனில் சொன்னது 2011க்குப் பிறகு. அன்று இரவு நான் சாப்பிடவில்லை. உன்னிடம் சொல்லாமல் இத்தனை காலம் வைத்திருந்தது என் குற்றம்.

வெள்ளைக்காரன் கொன்றான் என்கிறாய். 2011இல் மேற்கத்திய நாடுகளின் ராணுவக் கூட்டணியான நேட்டோ குண்டு போட்டது உண்மை. 2004இல் கடாபியின் கூடாரத்துக்கே போய்க் கைகுலுக்கிய அன்றைய பிரிட்டன் பிரதமர் பிளேரின் நாடும் சேர்ந்துதான் போட்டது. அந்த வெட்கக்கேட்டை நான் மறுக்கவில்லை. ஆனால் கடாபிக்கு எதிரான கிளர்ச்சி தொடங்கியது எங்கே? அந்தச் சிறையில் செத்தவர்களின் தாய்மார்கள் பிள்ளைகளின் படங்களை ஏந்திப் பெங்காசியில் சனிக்கிழமைதோறும் நின்றார்கள். அவர்களுக்காக வழக்காடிய பாத்தி தெர்பிலை 2011 பிப்ரவரி 15 அன்று பிடித்துக்கொண்டு போனார்கள். அவரும் அதே சிறையில் உடன்பிறந்தவனைப் பறிகொடுத்தவர். அவரை விடச் சொல்லி அன்று மாலை கூடிய கூட்டம்தான் முதல் கூட்டம். 42 வருட ஆட்சி ஆட்டம் கண்டது அங்கேதான்.

அந்த அக்டோபர் 20 அன்று சிர்த் நகரில் வடிகால் குழாயிலிருந்து கடாபியை இழுத்து அடித்து, கடைசியில் கொன்றதைப் பார்த்து நான் மகிழவில்லை. மிஸ்ராத்தா நகரில் இறைச்சிக் குளிர்பதன அறையில் உடலைக் கிடத்தி, மக்கள் வரிசையில் நின்று பார்த்தார்கள். வழக்கு இல்லை, விசாரணை இல்லை. யார் உத்தரவு போட்டது, எங்கே புதைத்தீர்கள் என்று அந்தச் சித்தி கூண்டில் நிற்கும் அவரைப் பார்த்துக் கேட்டிருக்க வேண்டும் முருகேசா! அதையும் பறித்துவிட்டார்கள். பிறகு நாடு இரண்டு அரசாங்கமாகப் பிளந்தது. 2023இல் தெர்னா நகரில் அணைகள் உடைந்து ஆயிரக்கணக்கானோர் கடலுக்குள் போனார்கள். கடாபி காலமே மேல் என்று அங்கேயே சிலர் சொல்வது எனக்கும் தெரியும். நொந்துபோனவர்கள் சொல்கிறார்கள், அவர்களோடு எனக்குச் சண்டையில்லை. உன்னோடுதான் சண்டை. நீ அங்கே இருந்தவன்.

அந்தச் செய்தியை யார் யாருக்கு அனுப்பினாயோ அவர்களுக்கெல்லாம் இதையும் சொல். படத்தின் அசல் உன் பச்சை ஆல்பத்தில்தானே இருக்கிறது? ஸ்டுடியோவில் கொடுத்து அந்த இடது ஓரத்தை மட்டும் பெரிதாக எடுத்து அனுப்பு. என் போனில் முகம் தெளியவில்லை. குவளை அவர் கையில் இருக்கிறதா, இன்னும் நீதான் பிடித்துக்கொண்டிருக்கிறாயா என்றும் தெரியவில்லை.

அன்புடன்,
சுந்தரம்