உன் நாவல்ல அடுப்பு எங்க பாப்பா?

பாப்பா,

நீ மெயில்ல அனுப்புன அத்தியாயமெல்லாம் படிச்சிட்டேன். ஃபோன்ல எழுத்து சின்னதா தெரியுதுன்னு பத்தேரி போனப்ப பிரிண்ட் எடுத்துட்டு வந்து, மழைக்கு வெளிய போக முடியாம உக்காந்து முழுசா படிச்சேன். உனக்கு நல்லா எழுத வருது, அதுல எனக்கு சந்தேகமே இல்ல. ஷெல் விழுற எடம், அந்தத் தளபதி மேப்ப விரிச்சு வச்சிட்டுப் பேசுற எடம் எல்லாம் கண்ணு முன்னாடி ஓடுது. ஆனா இவ்ளோ பக்கம் போயும் ஒரு வீட்டுலயும் அடுப்பு எரியல பாப்பா. யாரும் அரிசி தேடி அலையல, யாருக்கும் சோப்பு தீந்து போகல, ஒரு புள்ளையும் பரீட்சைக்குப் படிக்கல. 1983ல இருந்து 2009 வரைக்கும் இலங்கைல 26 வருஷம் நடந்த சண்ட அது, அத்தன வருஷமும் ஜனங்க என்ன சாப்ட்டாங்க, எங்க தூங்குனாங்க, வயசுக்கு வந்த பொண்ண எங்க ஒளிச்சு வச்சாங்க, செத்தவங்கள எப்படி எடுத்தாங்க, எனக்கு அதெல்லாம் வேணும்.

1990க்கு அப்புறம் யாழ்ப்பாணத்துப் பக்கம் போற சாமானுக்கு அரசாங்கம் தடை போட்டுச்சுல்ல, அத நீ ஒரே வரில "பொருளாதாரத் தடை இருந்தது"ன்னு எழுதிட்டுத் தாண்டிப் போயிட்ட. அந்த ஒரு வரிக்குள்ள ஒரு முழு நாவலே இருக்கு. மண்ணெண்ணெய் கிடையாது, பேட்டரி கிடையாது, சோப்பு, உரம், சிமெண்ட் எதுவும் லேசுல கிடைக்காது, கரண்ட் சுத்தமா இல்ல. ஜாம் போத்தல்ல கொஞ்சூண்டு எண்ணெய் விட்டு திரி போட்டு அந்த வெளிச்சத்துலதான் புள்ளைங்க ஓ.எல்., ஏ.எல். பரீட்சைக்குப் படிச்சுச்சுங்க. ரேடியோ கேக்கணும்னா சைக்கிள தலகீழா நிறுத்தி பெடல கையால சுத்தணும், டைனமோல இருந்து வர்ற கரண்ட்ல பி.பி.சி. தமிழோசை கேப்பாங்க. இப்ப நீ யோசிச்சுப் பாரு, அந்த பெடல சுத்துறது யாரு? அந்த வீட்டு சின்னப் பையன்தான். அவனுக்கு கை வலிச்சு வேகம் கொறஞ்சா நியூஸ் படிக்கிறவரோட குரல் கரகரன்னு தேஞ்சுக்கிட்டே போகும், அப்பா ஒரு அதட்டு போடுவாரு, அவன் மறுபடி வேகமா சுத்துவான், அவன் சுத்துற சுத்துலதான் எங்க யார் செத்தாங்கன்னு அந்த வீட்டுக்கே தெரியும். இந்த ஒரு எடத்த நீ எழுதினேன்னா தளபதியோட மேப் சீன் வேணவே வேணாம்.

கடைசி மாசங்கள எழுதும்போதும் அப்படித்தான். மாத்தளன், இரட்டைவாய்க்கால், முள்ளிவாய்க்கால்னு ஜனங்க அந்தக் கடக்கரை மணல்ல நகந்துக்கிட்டே இருந்தாங்க, மணல்ல பங்கர் வெட்டுனா சரிஞ்சு விழும், மண்ணு மூட்ட அடுக்கணும், சாக்குக்கு எங்க போறது. சேலைய கிழிச்சு தச்சு அதுல மணல அள்ளிப் போட்டு மூட்ட கட்டுனாங்க. நீயும் சேலை மூட்டைன்னு ஒரு வார்த்த எழுதியிருக்க. ஒரு பொம்பள எந்தச் சேலைய முதல்ல எடுப்பா, எத கடைசில எடுப்பான்னு நீ எழுதல. கூறைச் சேலைய எந்த ராத்திரில அவ வெட்டுனா, அதுக்கு முன்னாடி புருஷன் மூஞ்சிய பாத்தாளா பாக்கலையா, அத எழுது. 2011ல ஐ.நா. நிபுணர் குழு, 40,000 பேர் வரைக்கும் ஜனங்க செத்திருக்கலாம்னு எழுதிச்சு. அந்த நம்பர நீ அத்தியாயத்தோட தலைல போட்டிருக்க, போடாத. அது ரிப்போர்ட்டுல இருக்கட்டும், இருக்கவும் வேணும், கதைக்குள்ள அந்த ஒரு சேலை போதும்.

கல்யாணத்த பத்தியும் கேக்கணும்னு நெனச்சேன். வீட்டுக்கு ஒரு ஆள் புலிகள் இயக்கத்துக்குக் குடுக்கணும்னு வன்னில கட்டாயம் ஆனப்ப, கல்யாணம் ஆனா விட்டுருவாங்கன்னு நம்பி எத்தன அம்மா அப்பா படிச்சிட்டிருந்த புள்ளைங்களுக்கு அவசர அவசரமா தாலி கட்டி வச்சாங்க தெரியுமா. அப்புறம் கல்யாணம் ஆனவங்களையும் புடிச்சாங்க. பதினேழு வயசுப் பொண்ணும் பதினெட்டு வயசுப் பையனும் ஒரே தறப்பாள் கூடாரத்துக்குள்ள புருஷன் பொண்டாட்டியா உக்காந்து என்ன பேசிக்கிட்டிருப்பாங்க? இது உன் நாவல்ல எங்கயும் இல்ல, நீ எழுதுனா நல்லா வரும், உனக்கு அந்த மாதிரி எடமெல்லாம் கைவரும்.

ஈழத்து எழுத்தாளர் ரஞ்சகுமாரோட 'கோசலை' கதைய நான் டீச்சரா இருந்தப்ப படிச்சது, இன்னும் மறக்கல. இயக்கத்துக்குப் போற புள்ளைங்களப் பெத்தவளோட கதை அது, ஒரு வீட்டுக்குள்ளயே இருந்துக்கிட்டு எழுதியிருப்பாரு. போன லீவுல நீ சொன்னியே அந்த நைஜீரியாக்காரப் பொண்ணு, சிமமாண்டா அடிச்சின்னு பேரு, அவங்க பியாஃப்ரா சண்டைய எழுதுன நாவல், 1967ல இருந்து 1970 வரைக்கும் நடந்த சண்ட, அதுல வீட்டு வேலைக்கு வந்த பையன் உக்வு கண்ணு வழியா நெறைய சொல்றாங்கன்னு சொன்ன. அந்தப் பையன் எவ்ளோ நல்லவன், எவ்ளோ ஆசையா படிக்கிறவன், அவன வழில புடிச்சுட்டுப் போயி சிப்பாயாக்குன பிறகு ஒரு பொண்ணுக்கு மத்தவங்க செஞ்ச கொடுமைல அவனும் சேந்துக்கிட்டான்னு நீ சொன்னப்ப எனக்கு ராத்திரி தூக்கம் வரல. அந்த எழுத்தாளர் அத மறைக்கல பாரு, அதுக்காகவே அவங்க மேல எனக்கு மரியாதை. உன் நாவல்ல நம்ம பசங்க எல்லாரும் சுத்தமா இருக்காங்க. அப்படி யாரும் இருந்திருக்க மாட்டாங்க பாப்பா, சண்ட அவ்ளோ நாள் நடந்தா அதுக்குள்ள யாரும் சுத்தமா இருக்க முடியாது.

இங்க பக்கத்து வீட்டு சேச்சி டி.டி. ராமகிருஷ்ணனோட மலையாள நாவல குடுத்தாங்க, 2014ல வந்தது, 'சுகந்தி என்ன ஆண்டாள் தேவநாயகி' (மலையாளத்துல 'என்ன'ன்னா 'என்கிற'), வயலார் அவார்டு கூட கெடச்சுச்சு. எருமாட்டுல இருந்தப்ப கத்துக்கிட்ட மலையாளத்த வச்சு மெதுவாத்தான் படிச்சேன். எங்கயோ கேரளத்துல உக்காந்துக்கிட்டு ஒருத்தர் ஈழத்து சண்டைய இவ்ளோ மனசுல வாங்கி எழுதியிருக்காரேன்னு சந்தோஷமா இருந்துச்சு, மனித உரிமைக்காகப் பேசுன டாக்டர் ரஜனி திராணகமவ 1989ல யாழ்ப்பாணத்துல சுட்டுக் கொன்னது அவர எவ்ளோ உலுக்கியிருக்குன்னு தெரியுது. ஆனா அதுல வர்றவங்க ராணி, போராளின்னு பெரிய பெரிய பொம்பளைங்க, புராணம் மாதிரி உசந்து நிக்கிறாங்க. எனக்கு தண்ணிக் குடத்தோட வரிசைல நிக்கிற பொம்பளதான் வேணும். 'தீபன்' படம் 2015ல கான்ல பெரிய அவார்டு வாங்குச்சே, அதுல ஆரம்பத்துல ஒரு பொண்ணு முகாமுக்குள்ள அலைஞ்சு அனாதைப் புள்ள ஒண்ணத் தேடுவா, முன்னப் பின்ன தெரியாத மூணு பேரும் குடும்பம்னு சொல்லித் தப்பிச்சுப் போறதுக்கு. அந்த எடம் எனக்கு இன்னும் வயித்தக் கலக்குது. கடைசில அந்த தீபன் துப்பாக்கி எடுத்த உடனே அந்தக் குடும்பம் எனக்கு காணாமப் போயிடுச்சு. உன் நாவலும் அதே எடத்துலதான் வழுக்குது.

இன்னொண்ணு, நீ தேதி பாத்துப் பாத்து எழுதுறவ, அதனால சொல்றேன். அக்டோபர் 30ன்னு தேடிப் பாரு. 1995ல அந்த ராத்திரிதான் யாழ்ப்பாணத்து வலிகாமப் பகுதி ஜனம் மொத்தமும் மழைல கைதடிப் பக்கம் நடந்துச்சு, அத நீ உருக்கமா எழுதியிருக்க. அதுக்கு சரியா அஞ்சு வருஷம் முன்னாடி, 1990ல, அதே தேதிலதான் யாழ்ப்பாணத்து முஸ்லிம் ஜனங்கள ரெண்டு மணி நேரத்துல வெளியேறுங்கன்னு இயக்கம் தொரத்துச்சு. வடக்கு முழுக்க சேத்தா 70,000 பேருக்கு மேல, நெறைய பேர் புத்தளத்துல ஓலைக் கொட்டாய்ல வருஷக்கணக்கா கெடந்தாங்க. அது உன் நாவல்ல ஒரு வரி கூட இல்ல. இன்னும் பின்னாடி போனா 1964லயும் அதே அக்டோபர் 30தான், இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் மலைநாட்டுத் தோட்டத்து நம்ம ஜனத்தப் பிரிக்கிற ஒப்பந்தத்துல கையெழுத்துப் போட்டாங்க, 5,25,000 பேரு இந்தியாவுக்கு, 3,00,000 பேரு அங்கயே, மிச்சம் ஒன்றரை லட்சத்த 1974ல ஆளுக்குப் பாதியாப் பிரிச்சாங்க. நம்ம கேட்டு யாரும் பிரிக்கல. உன் தாத்தாவுக்கும் எனக்கும் இந்தியா பாஸ்போர்ட்டு, கல்யாணம் ஆகித் தனியா இருந்த உன் பெரிய மாமாவுக்கு அங்கத்த பிரஜாவுரிமை. 77 கலவரம் முடிஞ்சு நாங்க தலைமன்னார்ல கப்பலேறி மண்டபம் முகாம் வழியா இந்த சேரம்பாடிப் பக்கம் தமிழ்நாடு அரசோட டான்டீ தேயிலைத் தோட்டத்துக்கு வந்தோம், மாமா லயத்த விட்டுட்டு, தமிழ் ஜனம் இருக்குற எடத்துல இருந்தா அடி விழாதுன்னு நெனச்சு வவுனியாவுக்குப் போனாரு.

மலைநாட்டுல இருந்து அப்படிப் போனவங்க எத்தனையோ பேர். காந்தியம்னு ஒரு அமைப்பு காட்ட வெட்டி நெலம் குடுத்துக் குடியேத்துச்சு, அத நடத்துன டாக்டர் ராஜசுந்தரம் 1983 ஜூலைல வெலிக்கடை ஜெயிலுக்குள்ள கொல்லப்பட்டாரு. சண்டைல முன்னாடி நின்னதும் முதல்ல பட்டதும் அந்த எல்லையோரத்துல குடியிருந்த நம்ம ஜனந்தான். உன் நாவல்ல எல்லாரும் யாழ்ப்பாணத்து வாத்தியார் வீட்டுப் புள்ளைங்களா இருக்காங்க, அவங்களும் பட்டாங்க, நான் இல்லங்கல. ஆனா நீ இந்த டான்டீ லைன் வீட்டுல பொறந்தவ, நீயே நம்மள விட்டுட்டா வேற யார் எழுதுவா.

டாலர் ஃபார்ம், கென்ட் ஃபார்ம்னு ரெண்டு பண்ணை இருக்கு, மணலாறு பக்கம். 77ல அடிபட்டு வந்த நம்ம ஜனங்கதான் அதுல குடியிருந்தாங்க. 1984ல ராணுவம் அவங்கள வெளியேத்துச்சு. அப்புறம் அரசாங்கம் அங்க சிங்களக் கைதிங்களையும் அவங்க குடும்பத்தையும் கொண்டாந்து வச்சுச்சு. அந்த வருஷமே நவம்பர் 30ந் தேதி புலிகள் புகுந்து 60 பேருக்கு மேல கொன்னாங்க, பொம்பளைங்க, கொழந்தைங்க உட்பட. அந்த நெலத்த நெனச்சுப் பாரு பாப்பா. மொத குடும்பம் கெணறு வெட்டியிருக்கும், மொளகா நட்டிருக்கும், முருங்கைக் கொம்பு ஊனியிருக்கும், காய்க்கிறதுக்குள்ள தொரத்திட்டாங்க. அடுத்து வந்தவ அந்தக் கெணத்துலயே தண்ணி எடுத்து அந்த முருங்கைக் கீரையவே பறிச்சுத்தான் புருஷனுக்கு சோறு போட்டிருப்பா, யார் நட்டதுன்னு அவளுக்கு எப்படித் தெரியும், ஜெயில்ல இருந்து வெளிய வந்தோமேன்னு நிம்மதியா கூட இருந்திருப்பா. கொல்ல வந்தவன்ல ஒருத்தன் அந்த மொத குடும்பத்துப் பையனா இருந்தா? அப்படி நடந்துச்சுன்னு நான் சொல்லல, கதைதான அது, நீ வைக்கலாம். கொடத்தோட நிக்கிற அவள அவன் பாக்குறான், பின்னாடி அவங்க அப்பா வெட்டுன கெணறு. நீ அந்த ரெண்டு பேரையும் ஒரே பக்கத்துல எழுதணும், யாரையும் சின்னதாக்காம எழுதணும்.

சிங்கள ஆளுங்க உன் கதைல யூனிஃபார்ம் போட்டுக்கிட்டு மட்டுந்தான் வர்றாங்க. 1987ல இருந்து 1989 வரைக்கும் தெக்குல ஜே.வி.பி.ங்கற சிங்கள இடதுசாரிக் கட்சி அரசாங்கத்த எதுத்து நடத்துன கலவரத்துல ஆயிரக்கணக்கான சிங்களப் பசங்க காணாமப் போனாங்க, அவங்க அம்மாக்களும் ஃபோட்டோவ நெஞ்சுல வச்சுக்கிட்டு ரோட்டுல நின்னாங்க. அதுல ஒருத்திய உள்ள கொண்டு வா, பேர் வச்சு, ஊர் வச்சு.

மாமா எழுதுன நீலக் கடுதாசியெல்லாம் என் பொட்டில இருக்கு, உனக்கு ஃபோட்டோ எடுத்து அனுப்புறேன். அதுல சண்டைய பத்தி ஒண்ணுமே இருக்காது. மாடு கன்னு போட்டுச்சு, உளுந்து இந்தவாட்டி பரவால்ல, மூத்தவ ஆளாயிட்டா, தங்கச்சி நீ அனுப்புன தேயில வந்து சேரல, இப்படியே ரெண்டு பக்கம் போயிட்டு, கடைசில மடிக்கிற எடத்துல இத்துனூண்டு எழுத்துல "இங்கு நிலமை சரியில்லை" அவ்ளோதான். அடுத்த கடுதாசில அட்ரஸ் மாறியிருக்கும். வவுனியால இருந்து கிளிநொச்சி, அங்கிருந்து விசுவமடு, அப்புறம் கடுதாசியே இல்ல. 2009ல செட்டிகுளம் முகாம்ல அவரும் அத்தையும் மூத்தவளும் உயிரோட இருக்காங்கன்னு தெரிஞ்சப்ப சின்னவன் பேர யாருமே சொல்லல, நாங்களும் கேக்கல. இன்னைக்கும் ஃபோன்ல மாமா மாட்டுத் தீவனம் என்ன வெலைன்னுதான் பேசுவாரு. உன் ஆளுங்க எல்லாரும் மேடைல நிக்கிற மாதிரி சண்டைய பத்தியே பேசுறாங்க, மாமா பேசுற மாதிரி பேச வை.

மூத்தவ நம்பர வாட்ஸ்ஆப்ல அனுப்பியிருக்கேன், நீ பேசுவேன்னு சொல்லி வச்சிருக்கேன், அவளுக்கு ஞாயித்துக்கெழம வேல இல்ல. அவள அக்கான்னு கூப்பிடு. எடுத்த உடனே முள்ளிவாய்க்கால பத்திக் கேட்டுடாத, தம்பி பேர நீயா இழுக்காத. விசுவமடு வீட்டுல என்னென்ன மரம் இருந்துச்சு, எந்தப் பக்கம் அடுப்பு, தண்ணிக்கு எவ்ளோ தூரம்னு கேளு. அவ அழுதா ஃபோன வச்சிடாம அவளே பேசுற வரைக்கும் இரு. அவ சொன்னது எதையும் அவள கேக்காம அப்படியே புக்குல போட்றாத, எழுதிட்டு மொதல்ல அவளுக்குப் படிச்சுக் காட்டு.

தளபதி வர்ற அத்தியாயத்த எடுத்து ஓரமா வச்சிட்டு அந்த பெடல் சுத்துற பையன்ல இருந்து மறுபடி ஆரம்பி. எழுதுனத ஓணத்துக்கு முன்னாடி அனுப்பு, அப்புறம் பத்தேரி பிரிண்ட் கடைய கொஞ்ச நாளைக்கு மூடிடுவாங்க.

அம்மா
சேரம்பாடி